தென்திருவிதாங்கூரில் நடிகர் இயக்குநரான வரலாறு: ஜே. சி. டானியல் முதல் தொலைக்காட்சி வரை

திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவிலுக்குச் செல்லும் பழைய நெடுஞ்சாலை நெய்யாற்றின்கரை நகரைத் தாண்டி, நெய்யாற்றுப் பாலத்தைக் கடந்து அமரவிளையை அடைந்து, அங்கிருந்து பாறசாலை வழியாகக் களியக்காவிளையில் தமிழ்நாட்டுக்குள் நுழைகிறது. இச்சாலையை ஒட்டிய ஊர்கள் யாவும் முதலில் திருவிதாங்கூர் சமஸ்தானத்திலும், 1949-க்குப் பின் திருவிதாங்கூர்-கொச்சி மாநிலத்திலும் ஒரே ஆட்சியின் கீழ் இருந்தவை. 1956 நவம்பர் 1 அன்று நடைமுறைக்கு வந்த மொழிவாரிச் சீரமைப்பின்போது தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு ஆகிய நான்கு வட்டங்கள் சென்னை மாநிலத்தோடு சேர்ந்து கன்னியாகுமரி மாவட்டமாயின. நெய்யாற்றின்கரை வட்டமோ, அதையும் தமிழ்ப் பகுதியாகக் கணக்கிட்டுத் திருவிதாங்கூர் தமிழ்நாடு காங்கிரசு கோரியிருந்தும், கேரளத்திலேயே நின்றுவிட்டது. அதன்பின் அமரவிளை என்ற ஊர்ப்பெயர் வெளியூர்க்காரர்களுக்குப் பெரும்பாலும் ஒரு சோதனைச் சாவடியின் பெயராகவே பழகிப்போயிற்று. மலையாளத் திரைப்படத்தின் முதல் முயற்சிக்கான பணமும் ஆளும் இந்தச் சாலையை ஒட்டிய நிலத்திலிருந்தே புறப்பட்டன என்பதைக் கேரளத் திரை வரலாறு தன் முதல் அத்தியாயமாக வைத்துக்கொண்டிருக்கிறது. தமிழ்த் திரை வரலாறோ, அம்முயற்சியைச் செய்தவர் தமிழ்நாட்டு மண்ணிலேயே இறந்தவர் என்றபோதிலும், அவரை அதிகம் கண்டுகொண்டதில்லை.

திரையில் நடிப்பவர் ஒருவர் பின்னர் இயக்குநராவது இன்று ஒரு பதவி உயர்வைப் போலவே பேசப்படுகிறது. பல ஆண்டுகள் ஒளிப்படக் கருவியின் முன்னால் நின்றவர், தொழிலின் நுட்பம் பிடிபட்ட பிறகு அதன் பின்னால் சென்று நிற்கிறார் என்பதே பொதுவான புரிதல். தென்திருவிதாங்கூரில் இது நேர்மாறாகத் தொடங்கியது. அங்கே முதலில் நடிக்க விரும்பியவருக்கு அமர்த்திக்கொள்ளும் நிறுவனமோ, படம் பிடிக்கும் கூடமோ, சொல்லிக்கொடுக்கும் ஆசிரியரோ இல்லாததால், அவரே நிறுவனத்தை அமைத்து, கதையை எழுதி, கருவியை வாங்கி, படத்தை இயக்கி, அதன்பின் அதில் நடிக்கவும் வேண்டியிருந்தது. ஆகவே இப்பகுதியில் நடிப்பும் இயக்கமும் ஒரே ஆளிடம் சேர்ந்தது திறமையின் பெருக்கத்தால் அன்று, நிறுவனத்தின் இன்மையால். நிறுவனங்கள் வந்த பிறகுதான், அதாவது திரைப்படக் கூடமும் பின்னர் தொலைக்காட்சி நிலையமும் வந்த பிறகுதான், நடிகர் ஒருவர் இயக்குநராக மாறுவது நிலத்தை இழக்காமல் செய்யக்கூடிய காரியமாயிற்று.

முதலில் வந்தவர் ஜே. சி. டானியல். அகஸ்தீஸ்வரத்தில் வேர்கொண்ட நாடார் கிறித்தவக் குடும்பம் அவருடையது, தந்தை மருத்துவர், நெய்யாற்றின்கரைப் பகுதியில் குடும்பத்துக்கு நிலம் இருந்தது. இவ்வகைக் குடும்பங்கள் தென்திருவிதாங்கூரில் உருவான பின்னணியை இங்கே சொல்ல வேண்டும். லண்டன் மிஷன் எனப்படும் சீர்திருத்தக் கிறித்தவச் சங்கம் 19-ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் மயிலாடியில் காலூன்றி, நாகர்கோவில், நெய்யூர், பாறசாலை, திருவனந்தபுரம் என வடக்கு நோக்கிப் பரவியது. அமரவிளையில் இன்றும் அச்சங்கத்தின் பெயர் தாங்கிய பள்ளி உள்ளது. பனையேறும் தொழிலோடும் குத்தகை நிலத்தோடும் கட்டப்பட்டிருந்த மக்களில் ஒரு பகுதியினர் இப்பள்ளிகளின் வழியே ஆங்கிலமும் மருத்துவமும் கற்றுச் சொந்த நிலமும் சேர்த்தனர். டானியல் திருவனந்தபுரத்தில் மகாராஜா கல்லூரியில் படித்ததும், இளமையிலேயே ஆங்கிலத்தில் வாள்வீச்சுக் கலையைப் பற்றி ஒரு நூல் எழுதியதும் அந்த இரண்டு மூன்று தலைமுறை ஏற்றத்தின் விளைவே.

வாள்வீச்சு அவருக்குப் பொழுதுபோக்காக இருக்கவில்லை. தென்திருவிதாங்கூரில் நாடார் ஆசான்களிடம் செழித்த தற்காப்புக் கலைக்கு அடிமுறை என்று பெயர். வெறுங்கை அடிகள், சிலம்பம், வாள், உடலின் நுண்ணிடங்களைத் தாக்குவதும் அதனால் வரும் ஊறுகளைத் தீர்ப்பதுமாகிய வர்மம் ஆகியவை அதன் உறுப்புகள். வடகேரளத்தின் களரிப்பயிற்றிலிருந்து வேறுபட்ட இந்தத் தெற்கத்திய முறையை உலகுக்குக் காட்ட வேண்டும் என்ற விருப்பமே டானியலைத் திரைப்படத்தின் பக்கம் இழுத்தது. திருச்சியில் ரயில்வே ஊழியராக இருந்த சாமிக்கண்ணு வின்சென்ட் 1905 முதல் கூடாரத்தோடு ஊர் ஊராகச் சென்று படம் காட்டத் தொடங்கியதிலிருந்து, படம் பார்க்கும் பழக்கம் தென்னிந்திய நகரங்களுக்குப் புதிதன்று. படம் எடுக்கும் பழக்கமே புதிது. டானியல் முதலில் சென்னைக்குச் சென்றார்; அங்கே படக்கூடங்களின் உள்ளே நுழைய இயலவில்லை. பின்னர் பம்பாய்க்குச் சென்று, கேரளத்தில் மாணவர்களுக்குத் திரைப்படத்தைப் பற்றிக் கற்பிக்கும் ஆசிரியர் எனத் தம்மைச் சொல்லிக்கொண்டு கூடங்களில் இடம் பெற்று, வேலை நடக்கும் முறையைக் கண்ணால் பார்த்துக் கற்றார். பொய் சொல்லி உள்ளே நுழைந்தவர் என்பதால் அவர் கற்றது முழுக்கப் பார்வையாளரின் கல்வி. கையில் கருவியைப் பிடித்துப் பழகும் பயிற்சி அதில் இல்லை. ஊர் திரும்பியதும் தம் பெயரிலிருந்த நிலத்தை விற்று, 1926-இல் திருவனந்தபுரத்தில் பட்டம் என்ற பகுதியில் திருவிதாங்கூர் நேஷனல் பிக்சர்ஸ் என்ற நிறுவனத்தை அவர் தொடங்கினார். கேரளத்தின் முதல் திரைப்படக் கூடம் அதுவே.

அங்கே எடுக்கப்பட்ட ‘விகதகுமாரன்’, அதாவது ‘காணாமற்போன மகன்’, ஒரு பேசாப் படம். உரையாடலுக்குப் பதிலாக இடையிடையே எழுத்து அட்டைகள் தோன்றிக் கதையை நகர்த்தும் வகை. திருவிதாங்கூரின் செல்வக் குடும்பம் ஒன்றின் மகன் சந்திரகுமாரன் சிறுவயதில் கடத்தப்பட்டு இலங்கைக்குக் கொண்டு செல்லப்படுவதும், தோட்டத் தொழிலாளியாக அவன் வளர்வதும், உறவினனான ஜெயச்சந்திரன் பின்னாளில் அவனைக் கண்டடைவதும் அதன் கதை. அக்காலத்தில் இந்தியாவில் வெளிவந்த படங்களில் மிகப் பெரும்பான்மை புராணக் கதைகள்; கடவுளரும் அரசரும் இல்லாத, அந்தக் காலத்து மனிதர்களின் கதை ஒன்றைத் தம் முதல் படத்துக்கே டானியல் தேர்ந்துகொண்டார். இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்கு ஆள் பிடித்துச் செல்வது தென்தமிழ்நாட்டிலும் தென்திருவிதாங்கூரிலும் அன்றாடச் செய்தியாக இருந்த காலம் அது என்பதால், கடல் கடந்து காணாமற்போகும் மகன் என்ற கரு பார்வையாளருக்கு அந்நியமாக இருந்திருக்க வாய்ப்பில்லை. ஜெயச்சந்திரனாக டானியலே நடித்தார். கதை, இயக்கம், தயாரிப்பு ஆகிய பொறுப்புகளையும் படப்பிடிப்பின் பெரும்பகுதியையும் அவரே ஏற்றார். சிறுவனின் பாத்திரத்தில் அவருடைய மகன் தோன்றினார். வில்லனாக நடித்த ஜான்சன், பின்னாளில் தமிழ், மலையாளப் படங்களில் புகழ்பெற்ற நடிகை பி. எஸ். சரோஜாவின் தந்தை.

கதாநாயகியைத் தேடியபோதுதான் ஒற்றை மனிதர் நிறுவனத்தின் வரம்பு தெரியவந்தது. பம்பாயிலிருந்து ஒரு நடிகையை வரவழைத்த முயற்சி நிலைக்கவில்லை. உள்ளூரில் மேல்சாதிப் பெண்கள் எவரும் கருவியின் முன் நிற்க அன்று முன்வந்திருக்கமாட்டார்கள். இறுதியில் அமைந்தவர் புலையர் சமூகத்தைச் சேர்ந்த பி. கே. ரோசி. அவர் காக்கரிசி நாடகத்தில் நடித்துப் பழகியவர். காக்கரிசி என்பது சிவனும் பார்வதியும் குறி சொல்லும் காக்கான், காக்காத்தியாக மண்ணில் திரிவதாக அமைந்த, தமிழும் மலையாளமும் கலந்த பாட்டும் பேச்சும் உடைய தென்திருவிதாங்கூர்க் கூத்துவகை. அதில் பெண் வேடங்களையும் ஆண்களே ஏற்பது வழக்கமாக இருந்த நிலையில் ரோசி மேடையேறியிருந்தார். ஆகவே டானியல் கண்டெடுத்தது முன்பின் அறியாத கூலிப்பெண்ணை என்று சில வரலாறுகள் எழுதுவது சரியன்று. அப்படக்குழுவில் நடிப்பைத் தொழிலாக முன்பே அறிந்திருந்த மிகச் சிலரில் ரோசியும் ஒருவர்.

அவர் ஏற்ற பாத்திரம் சரோஜினி என்ற நாயர் பெண். இதன் கனம் புரிய, அதே நிலப்பரப்பில் அதற்கு முன் நடந்தவற்றை நினைவுகூர வேண்டும். 1820-களிலிருந்து 1859 வரை கல்குளம், இரணியல், பாறசாலை, நெய்யாற்றின்கரைப் பகுதிகளில் நாடார் பெண்கள் மார்பை மறைத்து உடுப்பதன் பேரில் கலவரங்கள் நடந்தன. தோள்சீலைப் போராட்டம் எனப்படும் இப்போராட்டம் 1859-இல் மன்னரின் அறிக்கையால்தான், அதுவும் மேல்சாதிப் பெண்களைப் போல உடுத்தக் கூடாது என்ற நிபந்தனையோடுதான், ஒருவாறு முடிந்தது. நெய்யாற்றின்கரை வட்டத்து வெங்ஙானூரில் பிறந்த அய்யன்காளி, புலையர்க்கு மறுக்கப்பட்டிருந்த பொதுச்சாலையில் 1893-இல் வில்வண்டியில் சென்று அடிதடியை எதிர்கொண்டார். பின்னர் புலையர் குழந்தைகளைப் பள்ளியில் சேர்ப்பதற்காக ஊரூட்டம்பலம் முதலிய இடங்களில் நடந்த முயற்சிகள் பள்ளியெரிப்பு வரை சென்றன. யார் எதை உடுத்தலாம், எந்தச் சாலையில் நடக்கலாம் என்பது சட்டமும் கலவரமுமாக முடிவுசெய்யப்பட்ட நாட்டில், புலையப் பெண் ஒருவர் நாயர் பெண்ணின் உடையிலும் நகையிலும் திரையில் தோன்றியதைப் பார்வையாளர்கள் கதையாக மட்டும் எடுத்துக்கொள்ளவில்லை.

திருவனந்தபுரம் கேபிடல் திரையரங்கில் வழக்கறிஞர் மள்ளூர் கோவிந்தப் பிள்ளை முதற்காட்சியைத் தொடங்கிவைத்தார். நெடுங்காலமாக அந்த நாள் 1928 நவம்பர் 7 என்று எழுதப்பட்டுவந்தது. பிற்கால ஆய்வாளர்கள் துண்டறிக்கை முதலிய சான்றுகளைக் கொண்டு 1930 அக்டோபர் 23 என்று நிறுவியுள்ளனர், இன்று அதுவே பெரிதும் ஏற்கப்படுகிறது. முதற்காட்சியில் ரோசிக்கு இடம் தரப்படவில்லை. நாயகன் நாயகியின் கூந்தல் மலரை முத்தமிடும் காட்சி வந்ததும் கூச்சலும் கல்வீச்சும் எழுந்து திரை கிழிந்தது என்பது வழிவழியாகச் சொல்லப்படும் செய்தி. படம் பின்னர் ஆலப்புழை, கொல்லம், நாகர்கோவில் முதலிய ஊர்களிலும் காட்டப்பட்டது; ஆனால் தலைநகரில் எழுந்த எதிர்ப்பு ரோசியின் வீட்டைத் தாக்கும் அளவுக்குச் சென்று, அவர் ஊரைவிட்டு ஓட நேர்ந்தது. லாரி ஓட்டுநரான கேசவ பிள்ளையை மணந்து, ராஜம்மாள் என்ற பெயரில் நாகர்கோவிலில் வாழ்ந்து மறைந்த அவர், அதன்பின் திரையிலோ மேடையிலோ தோன்றவில்லை. அமரவிளை வழியே தெற்கே செல்லும் அதே சாலையில்தான் அவர் தப்பிச் சென்றிருக்க வேண்டும். தலைநகருக்கும் நாகர்கோவிலுக்கும் இடையே 1979 வரை ரயில் பாதை கிடையாது.

டானியலுக்கு மிஞ்சியது கடன். அடிமுறையைப் பற்றிய ஆவணப்படம் ஒன்றை அவர் அதன்பின் எடுத்தார். தாம் திரைக்கு வந்த காரணத்தையே இரண்டாவதாகத்தான் அவரால் எடுக்க முடிந்தது. அதற்குள் 1931 அக்டோபரில் ‘காளிதாஸ்’ வெளிவந்து தமிழ்ப் படம் பேசத் தொடங்கிவிட்டதால், பேசாப் படத்துக்கென வாங்கிய கருவிகளின் மதிப்பு விழுந்தது. கருவிகளை விற்றுக் கூடத்தை மூடினார். இந்தத் தோல்விக்குச் சாதிவெறி மட்டுமே காரணம் என்று இப்போது எழுதுவது வழக்கமாகியிருக்கிறது. அது முதற்காரணம்தான், ஆனால் நடிகர், இயக்குநர், முதலாளி, படப்பிடிப்பாளர் என நான்கு பேரின் இழப்பையும் ஒருவரே ஏற்கும்படி அமைந்த தொழில்முறை இருந்திராவிட்டால், ஒரு திரையரங்கின் கல்வீச்சு ஒரு மனிதரின் வாழ்க்கை முழுவதையும் விழுங்கியிராது.

இதை ஒத்துப்பார்க்க அதே ஆண்டுகளில் வேறொரு தமிழரின் வாழ்க்கை உள்ளது. புதுக்கோட்டைக்காரரான பி. கே. நாகலிங்கம் உடற்பயிற்சியாளராகவும் மல்லராகவும் பெயர்பெற்று, ஐரோப்பிய உடற்கட்டு வீரர் சாண்டோவின் பெயரை ஒட்டி ராஜா சாண்டோ என அழைக்கப்பட்டவர். அவரும் டானியலைப் போலவே உடல்வலிமைக் கலையின் வழியாகத் திரைக்கு வந்தவர், அவரும் பம்பாய்க்குச் சென்றவர். ஆனால் அவர் அங்கே பார்வையாளராக நில்லாமல் கூலிக்கு நடிகராகச் சேர்ந்து, பேசாப் படங்களின் நாயகனாகி, பம்பாய் நிறுவனங்களின் பணத்திலேயே இயக்கத்தையும் கற்றார். 1930 வாக்கில் சென்னைக்கு வந்து அசோசியேட் பிலிம்ஸ் நிறுவனத்துக்காக ‘பேயும் பெண்ணும்’ படத்தையும், அடுத்த ஆண்டு வை. மு. கோதைநாயகியின் நாவலை ஒட்டி ‘அநாதைப் பெண்’ படத்தையும் இயக்கியபோது, அவை ஓடாவிட்டாலும் இழப்பு அவருடையதாக இருந்திராது. பேசும்பட காலத்திலும் 1943-இல் இறக்கும்வரை அவர் தொழிலில் இருந்தார். உலகின் மறுகோடியில் ஸ்வீடனில் விக்டர் ஷோஸ்ட்ரோம் 1912 முதல் ஸ்டாக்ஹோம் நிறுவனம் ஒன்றின் ஊதியத்தில் நடிகராகவும் இயக்குநராகவும் ஒருங்கே வேலை செய்து, 1921-இல் தாமே முதன்மைப் பாத்திரத்தில் நடித்த ‘பேய் வண்டி’ என்ற படத்தால் ஐரோப்பா முழுவதும் அறியப்பட்டார். மூவருமே நடித்து இயக்கியவர்கள். சொந்த நிலத்தை விற்று அதைச் செய்தவர் டானியல் ஒருவரே.

டானியலின் உறவினரான நாகர்கோவில் ஆர். சுந்தர்ராஜ் அடுத்த முயற்சியைச் செய்தார். சி. வி. ராமன் பிள்ளையின் ‘மார்த்தாண்டவர்மா’ நாவலை அதே பெயரில் பி. வி. ராவின் இயக்கத்தில் அவர் படமாக்கினார். அரசர் மார்த்தாண்டவர்மர் எதிரிகளுக்கு அஞ்சிப் பொந்துள்ள பலாமரத்தில் ஒளிந்தார் என்ற, நெய்யாற்றின்கரைக் கிருஷ்ணசுவாமி கோயில் வளாகத்தோடு தொடர்புடைய மரபுக்கதை அந்நாவலின் காலத்தைச் சார்ந்ததே. 1933-இல் படம் வெளியான உடனேயே நாவலின் பதிப்புரிமை பெற்றிருந்த திருவனந்தபுரம் கமலாலயா புத்தக நிலையம் வழக்குத் தொடுத்ததால் காட்சிகள் நிறுத்தப்பட்டு, படச்சுருள் புத்தக நிலையத்தாரின் கைக்குச் சென்றது. சுந்தர்ராஜுக்கு இது பேரிழப்பு. ஆனால் ஊர் ஊராக ஓடித் தேய்ந்திருக்க வேண்டிய அச்சுருள் வழக்கின் பயனாக அலமாரியில் தூங்கி, பின்னர் புனேயிலுள்ள தேசியத் திரைப்பட ஆவணக் காப்பகத்துக்குச் சென்று இன்றும் இருக்கிறது. ‘விகதகுமாரன்’ படத்துக்கு இவ்வாறு வழக்குத் தொடுக்க எவரும் இருக்கவில்லை. அதன் நெகட்டிவ், எளிதில் தீப்பற்றும் பழைய வகைச் சுருள், டானியலின் வீட்டிலேயே கிடந்து சிறுவர் விளையாட்டில் எரிந்துபோயிற்று என்பர். ஒரு சட்டகம்கூட இன்று பார்க்கக் கிடைக்கவில்லை.

இதற்குப் பின் மலையாளப் படத் தொழில் திருவிதாங்கூரைவிட்டே நீங்கி, முதல் பேசும்படமான ‘பாலன்’ 1938-இல் சேலம் மாடர்ன் தியேட்டர்சில் டி. ஆர். சுந்தரத்தின் முதலீட்டில் உருவாயிற்று. டானியலும் தமிழ்நாட்டுக்குள் சென்று, மதுரை, காரைக்குடி முதலிய ஊர்களில் பல் மருத்துவம் பார்த்துக் குடும்பத்தை நிலைநிறுத்தினார். அக்காலத்துத் தமிழ்த் திரையின் பெருநடிகர் பி. யு. சின்னப்பாவின் பழக்கம் அவரை மீண்டும் சென்னைக்கு இழுத்து, சேர்த்த பணத்தையும் படத்தொழிலில் இழக்கச் செய்தது. இறுதிக் காலத்தை அகஸ்தீஸ்வரத்தில் வறுமையில் கழித்த அவரை, இதழாளர் சேலங்காட்டு கோபாலகிருஷ்ணன் 1960-களில் தேடிக் கண்டு எழுதத் தொடங்கிய பிறகே மலையாளிகள் அறிந்தனர். நலிந்த கலைஞருக்கான ஓய்வூதியத்துக்கு விண்ணப்பித்தபோது, அவர் தமிழ்நாட்டில் வாழ்பவர் என்ற காரணம் கேரளத் தரப்பில் சொல்லப்பட்டதாகச் சேலங்காட்டு பதிவு செய்திருக்கிறார். அவர் படம் எடுத்தபோது அகஸ்தீஸ்வரமும் திருவனந்தபுரமும் ஒரே சமஸ்தானம். விற்ற நிலம் மாநில எல்லைக்கோட்டுக்கு வடக்கே, குடியிருந்த வீடு கோட்டுக்குத் தெற்கே என்றாகியது கோடு போட்டவர்களின் செயலே தவிர அவருடையதன்று. 1975 ஏப்ரலில் அவர் இறந்தார். கேரள அரசு தன் உயரிய திரைப்பட விருதுக்கு அவர் பெயரை 1992-இல் சூட்டியது. தமிழ்நாட்டு அரசும் ராஜா சாண்டோவின் பெயரில் ஒரு விருது வைத்திருப்பதால், பேசாப்பட காலத்து நடிகர்-இயக்குநர் இருவரும் இரு மாநிலங்களில் விருதுப் பெயர்களாகியிருக்கிறார்கள்.

இரண்டாம் தலைமுறைக்குச் சாலை சற்று எளிதாக இருந்தது. 1951-இல் பி. சுப்பிரமணியம் திருவனந்தபுரத்துக்குத் தெற்கே, நெய்யாற்றின்கரைச் சாலையிலேயே, நேமத்தில் மெரிலாண்ட் படக்கூடத்தை நிறுவினார். அதன் முதல் படமான ‘ஆத்மசகி’யில் காவல்துறை ஊழியத்தைவிட்டு வந்த சத்யன் நாயகனாக 1952-இல் அறிமுகமானார். அதே ஆண்டில் ‘மருமகள்’ படத்தில் பிரேம் நசீரின் முதல் நாயகியாகத் தோன்றிய நடிகைக்கு நெய்யாற்றின்கரை கோமளம் என ஊர்ப்பெயரே முன்னொட்டாக நின்றது. ஊரைவிட்டுப் பெயரை மறைத்து வாழ வேண்டியிருந்த ரோசிக்கும் இவருக்கும் இடையே இருபதே ஆண்டுகள். விளவங்கோடு வட்டத்துத் திக்குறிச்சியில் 1916-இல் பிறந்த சுகுமாரன் நாயர், தாம் எழுதிய ‘ஸ்த்ரீ’ நாடகம் 1950-இல் படமானபோது அதில் நடித்துத் திரைக்கு வந்தார். 1951-இன் ‘ஜீவித நௌகா’ பெற்ற பெருவெற்றியால் மலையாளத்தின் முதல் உச்ச நடிகராகி, 1953-இல் ‘சரியோ தெற்றோ’ மூலம் இயக்குநரானார். டானியல் விருதை 1993-இல் பெற்ற அவருடைய பிறந்த ஊரும் இன்று தமிழ்நாட்டில் இருக்கிறது. எனினும் திருவனந்தபுரத்தில் நிலையாகத் தங்கியிருந்ததால் எந்த மாநிலத்தவர் என்ற கேள்வி அவரிடம் எழவில்லை. நாகர்கோவில் கல்லூரிகளில் இந்தி விரிவுரையாளராக இருந்து, டெல்லியின் தேசிய நாடகப் பள்ளியில் முதல் அணியில் பயின்று, 1963-இல் நடிகரான மதுவோ, 1970-இல் ‘பிரியா’ படத்தை இயக்கி, பின்னர் திருவனந்தபுரத்தில் உமா படக்கூடத்தையும் நிறுவினார். டானியல் தொடங்கிய இடத்துக்கு மது வந்து சேர்ந்தது ஏழு ஆண்டு நடிப்புக்குப் பிறகு, சந்தையும் பெயரும் கையில் இருந்தபோது.

தொலைக்காட்சி இந்தத் தொழில்முறையை மேலும் ஒருபடி மாற்றியது. டெல்லியில் 1959-இல் தொடங்கிய இந்தியத் தொலைக்காட்சி, டானியல் இறந்து நான்கே மாதத்தில், 1975 ஆகஸ்ட் 15 அன்று சென்னைக்கு வந்தது; திருவனந்தபுரத்தில் 1982-இல் டெல்லி ஒளிபரப்பை மறு ஒளிபரப்பும் சிறு நிலையமாகத் தொடங்கி, 1985 ஜனவரி 1 முதல் குடப்பனக்குன்று நிலையத்திலிருந்து மலையாள நிகழ்ச்சிகள் வெளிவந்தன. தூர்தர்ஷன் வாரம் ஒன்றாகப் 13 பகுதிகள் கொண்ட தொடர்களுக்கு விளம்பரதாரர் வழியே இடம் ஒதுக்கிய முறையில், இயக்குபவர் திரையரங்கைப் பிடிக்க வேண்டியதில்லை, வசூலுக்குக் காத்திருக்க வேண்டியதில்லை, கல்வீச்சுக்கும் அஞ்ச வேண்டியதில்லை; ஒப்புதல் பெற்ற கதையும் குறித்த நாளுக்குள் முடிக்கும் ஒழுங்கும் இருந்தால் போதும். இந்த ஒழுங்குக்குத் திரைப்பட நடிகர்கள் ஏற்றவர்களாக இருந்தனர், ஏனெனில் சிறிய கூடத்தில், குறைந்த நாளில், முகத்தை அண்மையில் வைத்து எடுக்கும் தொலைக்காட்சி நாடகத்துக்கு நடிப்பை வாங்கத் தெரிந்தவரே முதல் தேவை.

ஸ்வீடனில் இது முன்பே நடந்தது. அந்நாட்டுப் பொது ஒலிபரப்பு நிறுவனம் 1956-இல், இங்கே எல்லைக்கோடு வரையப்பட்ட அதே ஆண்டில், முறையான தொலைக்காட்சியைத் தொடங்கி, நாடகத்துக்கெனத் தனிப்பிரிவு அமைத்து மேடை, திரை நடிகர்களை இயக்கத்துக்கு அமர்த்தியது. அவர்களில் கேவே யெல்ம் என்பவரின் வாழ்க்கை எடுத்துக்காட்டானது: பூ விடர்பேரி 1963-இல் இயக்கிய ‘காக்கைக் குடியிருப்பு’ படத்தில் வேலையற்ற, குடிப்பழக்கமுள்ள தந்தையாக நடித்துப் புகழடைந்த அவர், 1979-இல் ‘நல்லிரவு, மண்ணே’ என்ற தொலைக்காட்சித் தொடரை இயக்கினார். ஈவார் லூ-யூகான்சனின் நாவலைத் தழுவிய அத்தொடர், கூலியின் பெரும்பகுதியைத் தானியமாகவும் பாலாகவும் பெற்றுப் பண்ணைகளோடு கட்டுண்டு வாழ்ந்த ஸ்வீடிஷ் உழவுத் தொழிலாளரைப் பற்றியது. அம்முறை 1945-இல்தான் அங்கே ஒழிந்தது. திருவிதாங்கூரில் புலையர் நெல்லாகக் கூலி பெற்று நிலத்தோடு கட்டுண்டிருந்த வாழ்க்கையை அறிந்தவர்க்கு இக்கதைக்களம் தொலைவானதன்று. ஆனால் அக்கதையை நாட்டுப் பணத்தில், மாதக்கணக்கில், வணிகக் கணக்கின்றி எடுக்க ஒரு நடிகருக்கு ஸ்வீடன் வாய்ப்பளித்தது போலத் தூர்தர்ஷன் ரோசியின் மக்களைப் பற்றி எடுக்க எவருக்கும் அளித்ததாகத் தெரியவில்லை.

மலையாளத் தொலைக்காட்சியில் நடிகரே இயக்குநராக இருக்கும் முறையை 1990-களில் பரவலாக்கியவர் மதுமோகன். தூர்தர்ஷன் தொடர்களில் தாமே முதன்மைப் பாத்திரம் ஏற்று, தாமே இயக்கித் தயாரித்தார். வேலைகளைக் கணக்கிட்டால் அவர் செய்தது டானியல் செய்ததேதான், ஒளிபரப்பும் விளம்பரப் பணமும் பின்னால் நின்றது மட்டுமே வேறு. 1993-இல் ஏசியாநெட் தொடங்கித் தனியார் அலைவரிசைகள் பெருகி, 13 வாரத் தொடர் நூற்றுக்கணக்கான பகுதிகளாக நீண்டபோது, நாள்தோறும் ஒரு பகுதியை முடித்துக் கொடுக்கும் வேகமே இயக்குநரின் முதல் தகுதியாகி, நடிப்பை வாங்கும் பொறுமை பின்னுக்குத் தள்ளப்பட்டது. நடிகர்-இயக்குநர்களுக்கு இருந்த தனிப்பயனை இந்த நீட்சி பெரிதும் தேய்த்துவிட்டது என்றே சொல்ல வேண்டும்.

அதற்கு இடையிலும் எல்லைநிலத்துக்கே திரும்பி வந்த ஒருவர் மதுபால். 1990-களில் மலையாளப் படங்களில் பெரும்பாலும் எதிர்நிலைப் பாத்திரங்களில் நடித்து, சிறுகதைகள் எழுதி, தொலைக்காட்சித் தொடர்களையும் இயக்கிய அவர், 2008-இல் ‘தலப்பாவு’ மூலம் திரைப்பட இயக்குநரானார். 2012-இல் அவர் இயக்கிய ‘ஒழிமுறி’, கன்னியாகுமரி மாவட்டக்காரரான ஜெயமோகனின் கதையில், மணவிலக்குக் கேட்டு நீதிமன்றம் செல்லும் முதிய பெண் ஒருவரை மையமாகக் கொண்டது. ஒழிமுறி என்பது மணவுறவை முறித்துக்கொள்ளும் பத்திரத்துக்கு அப்பகுதியில் வழங்கிய பெயர். சொத்து தாயின் வழியே மகளுக்குச் செல்லும் மருமக்கத்தாய முறை தென்திருவிதாங்கூர் நாயர் குடும்பங்களில் உடைந்துபோன காலத்தின் கதை அது. தாய் வழியில் வீட்டை ஆண்ட தலைமுறைக்கும், கணவனின் வீட்டில் வாய்மூடி வாழ்ந்த அடுத்த தலைமுறைக்கும் இடையே ஆண்கள் அடைந்த வெருட்சியை நடிகர் லாலின் இரட்டை வேடம் காட்டியது. பாத்திரங்கள் திருவனந்தபுரத்து அச்சு மலையாளமும் பேசுவதில்லை, சென்னைத் தமிழும் பேசுவதில்லை; களியக்காவிளைக்கு இருபுறமும் இன்றும் கேட்கும், இரண்டும் பிணைந்த பேச்சே பேசுகிறார்கள். அடுத்த ஆண்டே மலையாள இயக்குநர் கமலின் இயக்கத்தில் பிரித்விராஜ் டானியலாக நடித்த ‘செல்லுலாயிடு’ வெளிவந்து, வினு ஆபிரகாமின் ‘நஷ்டநாயிகா’ நாவல் வழியாக ரோசியின் கதையையும் திரையேற்றியது. 2019-இல் கேரளத்துத் திரைப் பெண்கள் கூட்டமைப்பு ரோசியின் பெயரில் ஒரு திரைப்படச் சங்கத்தைத் தொடங்கியது. சென்னையில் நீலம் பண்பாட்டு மையம் 2022 முதல் அவர் பெயரால் திரைப்பட விழா நடத்திவருகிறது. டானியலின் பெயரைக் கேரள அரசு மட்டுமே எடுத்துக்கொண்டிருக்க, ரோசியின் பெயரை எல்லையின் இரு புறத்திலும் அரசல்லாதவர்களே எடுத்துக்கொண்டிருக்கிறார்கள்.